மொழியின் தோற்றம்: விளக்கும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

1866ஆம் ஆண்டு பாரிஸ் மொழியியல் கழகம் தன் விதிமுறைகளிலேயே ஒரு தடையை எழுதி வைத்தது. மொழியின் தோற்றம் குறித்தோ, உலகப் பொதுமொழி ஒன்றை உருவாக்குவது குறித்தோ வரும் எந்தக் கட்டுரையையும் கழகம் ஏற்காது என்பதே அது. அறிவுத்துறை ஒன்று தன் அடிப்படைக் கேள்விக்கே கதவடைத்தது இன்று வேடிக்கையாகத் தோன்றலாம். ஆனால் அன்றைய நிலவரத்தைப் பார்த்தால் அதில் நியாயம் இல்லாமல் இல்லை. விலங்குகளின் ஒலியைப் போலச் செய்ததில் மொழி பிறந்தது என்றார் ஒருவர். வலியிலும் வியப்பிலும் தானாக எழும் ஒலிகளிலிருந்து பிறந்தது என்றார் இன்னொருவர். மொழியறிஞர் மாக்ஸ் முல்லர் 1861இல் லண்டனில் ஆற்றிய சொற்பொழிவுகளில் இவற்றுக்கு ‘பௌ-வௌ கொள்கை’, ‘பூ-பூ கொள்கை’ என்று கேலிப்பெயர் சூட்டினார். இவற்றில் எதையும் சோதித்து மெய்ப்பிக்கவோ பொய்ப்பிக்கவோ அன்று வழியில்லை.

இன்று நிலைமை வேறு. புதைபடிவங்கள், பழங்கால மரபணுக்கள், சைகை மொழிகள், விலங்குகளின் தொடர்பாடல், ஆய்வுக்கூடச் சோதனைகள் எனப் பல திசைகளிலிருந்தும் சான்றுகள் வந்து சேர்ந்திருக்கின்றன. ஆயினும் இத்துறை பற்றிப் பொதுவெளியில் எழுதப்படுபவற்றில் சில தவறுகள் மாறாமல் திரும்பத் திரும்ப வருகின்றன. அவற்றுள் பெரும்பாலானவை ஒரே வேரிலிருந்து கிளைத்தவை என்பது என் கருத்து. மொழி என்பது ஒரே பொருள், ஆகவே அதற்கு ஒரே காரணமும் ஒரே பிறந்தநாளும் இருக்க வேண்டும் என்ற எண்ணமே அந்த வேர். உண்மையில் குரலை விருப்பப்படி கட்டுப்படுத்தும் திறன், கேட்ட ஒலியைத் திருப்பிச் சொல்லும் திறன், ஒரு குறியை ஒரு பொருளுக்கு ஈடாக நிறுத்தும் திறன், சொற்களைச் சேர்த்து இதுவரை யாரும் சொல்லாத வாக்கியத்தை அமைக்கும் திறன், எதிரில் இருப்பவர் எதை அறிவார், எதை அறியார் என்று ஊகிக்கும் திறன் ஆகிய பலவும் சேர்ந்தே மொழி ஆகின்றன. இவை ஒவ்வொன்றுக்கும் தனி வரலாறு உண்டு. சில நம் இனத்தைவிட மிகப் பழமையானவை.

எழுத்தையும் பேச்சையும் மொழி என்றே கொள்வது

எழுத்து பற்றிய குழப்பத்தைச் சில வரிகளிலேயே தீர்த்துவிடலாம். மெசொப்பொத்தேமியாவின் உருக் நகரில் கிடைத்த மிகப் பழைய களிமண் பலகைகள் கி.மு. 3300 முதல் 3100 வரையிலான காலத்தவை. மொரோக்கோவின் ஜெபல் இருத் என்னும் இடத்தில் கிடைத்த நம் இனத்தின் புதைபடிவங்களோ ஏறத்தாழ 3 லட்சம் ஆண்டுகள் பழமையானவை. எழுத்து ஒரு கண்டுபிடிப்பு. அதைச் சொல்லிக் கொடுத்தால்தான் வரும். மொழியைக் குழந்தை பள்ளிக்குச் செல்லும் முன்பே பெற்றுவிடுகிறது. உலகில் இன்று பேசப்படும் ஏறத்தாழ 7,000 மொழிகளில் பலவற்றுக்கு அண்மைக்காலம் வரை எழுத்து இருந்ததே இல்லை.

பேச்சும் மொழியும் ஒன்றே என்ற எண்ணம் இதைவிட ஆழமாக ஊறியது. 1960இல் வில்லியம் ஸ்டோக்கோ அமெரிக்கச் சைகை மொழியை ஆராய்ந்து, அதன் குறிகள் கைவடிவம், இடம், அசைவு என்ற சிறு கூறுகளால் ஆனவை என்றும், பேச்சுமொழியின் ஒலிகளைப் போலவே அவை இயங்குகின்றன என்றும் காட்டும் வரை, சைகை மொழிகளை வெறும் அபிநயமாகவே கற்றறிந்தவர்களும் கருதினர். சைகை மொழிகளுக்கு முழுமையான இலக்கணம் உண்டு. ஆகவே தொண்டையின் வரலாற்றை எழுதிவிட்டு அதையே மொழியின் வரலாறு என்று சொல்ல முடியாது.

நிக்கராகுவாவில் நடந்தது இந்த இடத்தில் சற்று விரிவாகச் சொல்லத் தக்கது. 1970களின் பிற்பகுதி வரை அந்நாட்டின் காது கேளாத குழந்தைகளில் பெரும்பாலோர் தத்தம் வீட்டுக்குள்ளேயே, வீட்டாரோடு மட்டும் புழங்கும் சில கைச்சாடைகளுடன் வளர்ந்தனர். 1977 முதல் தலைநகர் மனாகுவாவில் அவர்களுக்கான சிறப்புப் பள்ளி விரிவடைந்தபோது, ஆசிரியர்கள் ஸ்பானிய மொழியை உதட்டசைவின் வழியே கற்பிக்க முயன்றனர். அது பெரும்பாலும் பலிக்கவில்லை. ஆனால் குழந்தைகள் விளையாடும் இடத்திலும் பள்ளிப் பேருந்திலும் தங்களுக்குள் ஒரு சைகை முறையை உருவாக்கிக்கொண்டனர். அதைக் கண்டு கற்ற அடுத்தடுத்த வயதுக் குழுக்கள் அதை இலக்கணமுள்ள மொழியாக வளர்த்தன. ஆன் செங்காஸும் அவருடைய சக ஆய்வாளர்களும் 2004இல் வெளியிட்ட ஆய்வு இதன் ஒரு நுணுக்கத்தைப் படம்பிடித்தது. சரிவான தெருவில் ஒரு பூனை உருண்டு கீழே போகும் கேலிச்சித்திரக் காட்சியை விவரிக்கச் சொன்னபோது, முதல் தலைமுறையினர் பெரும்பாலும் கையைச் சுழற்றிக்கொண்டே கீழிறக்கி இரண்டையும் ஒரே அசைவில் காட்டினர். கேட்கும் திறன் உள்ளவர்கள் பேசும்போது செய்யும் கையசைவும் அப்படித்தான் இருக்கும். பின்னர் வந்த குழந்தைகளோ ‘உருளுதல்’ என்பதற்கு ஒரு குறியும் ‘கீழ்நோக்கி’ என்பதற்கு வேறொரு குறியுமாகப் பிரித்து அடுத்தடுத்துக் காட்டினர். இயற்கையில் ஒன்றாகவே நிகழ்வதை இரண்டாகப் பிரித்துவிட்டால், அந்த இரண்டையும் வேறு குறிகளுடன் சேர்த்துப் புதிய பொருள்களைச் சொல்ல முடிகிறது. சொல் என்ற அலகு பிறக்கும் தருணத்துக்கு இதைவிட நெருங்கிய காட்சி ஆய்வுலகில் அரிது.

இதே நிகழ்வை வைத்து இன்னொரு தவறும் செய்யப்படுகிறது. மனாகுவாவின் குழந்தைகள் ஆதிமனிதரின் முதல் மொழியை மீண்டும் நிகழ்த்திக் காட்டினர் என்று எழுதுகிறார்கள். அந்தக் குழந்தைகளின் மூளை இன்றைய மனித மூளை. மொழிக்கேற்பப் பரிணமித்து முடிந்த மூளைகள் ஒன்றுகூடினால் என்ன நடக்கும் என்பதையே அது காட்டுகிறது. அந்த மூளை எப்படி உருவாயிற்று என்பதை அது சொல்லாது. கைக்குழந்தையின் மழலையிலிருந்து மனித இனத்தின் ஆதிப்பேச்சை ஊகிக்கும் முயற்சிகளும் இதே காரணத்தால் நிலைக்காமல் சரிகின்றன. குழந்தையைச் சுற்றி முழுமையான மொழி பேசுவோர் இருக்கிறார்கள்; ஆதிமனிதரைச் சுற்றி அப்படி யாரும் இல்லை.

‘மொழி மரபணு’ என்ற மயக்கம்

ஃபாக்ஸ்-பி2 என்ற மரபணுவின் கதை, ஒரு நல்ல கண்டுபிடிப்பு தலைப்புச் செய்தியாகும்போது எவ்வளவு தேய்ந்துபோகிறது என்பதற்குச் சான்று. பிரிட்டனில் ஒரு குடும்பத்தின் மூன்று தலைமுறைகளில் ஏறத்தாழப் பாதிப்பேருக்குப் பேச்சில் கடும் குறைபாடு இருந்தது. 1990இல் அது இலக்கணத்தை மட்டும் தாக்கும் குறைபாடு என்று சிலர் அறிவிக்க, ‘இலக்கண மரபணு’ என்ற சொல் பரவியது. பின்னர் நெருங்கி ஆராய்ந்தபோது, அவர்களுக்கு உதடு, நாக்கு, தாடை ஆகியவற்றின் நுண்ணிய அசைவுகளை ஒருங்கிணைப்பதிலேயே பெரும் இடர்ப்பாடு இருந்தது தெரியவந்தது. 2001இல் ஆக்ஸ்ஃபோர்டு ஆய்வாளர்கள் அந்தக் குடும்பத்தில் பழுதுற்ற மரபணுவை அடையாளம் கண்டனர்.

அந்த மரபணு மனிதருக்கு மட்டும் உரியதன்று. எலிக்கும் பறவைக்கும் உண்டு. அது உருவாக்கும் புரதம் வேறு பல மரபணுக்களின் செயலைக் கூட்டியும் குறைத்தும் நெறிப்படுத்துவது. நுரையீரல் உட்பட மூளைக்கு வெளியிலும் வேலை செய்வது. வரிக்குருவி இனத்துப் பாடும் பறவை ஒன்றின் மூளையில் அதன் அளவைக் குறைத்தபோது, குஞ்சு தன் ஆசானின் பாடலைப் பிழையாகவே கற்றது. மனிதப் புரதம் சிம்பன்சியின் புரதத்திலிருந்து இரண்டே அமினோ அமிலங்களில் வேறுபடுகிறது என்றும், அந்த மாற்றம் கடந்த 2 லட்சம் ஆண்டுகளுக்குள் வேகமாகப் பரவியது என்றும் 2002இல் வந்த முடிவு பெரும் ஆரவாரத்தை எழுப்பியது. 2007இல், நம் இனத்துக்கு நெருங்கிய உறவாக இருந்து அழிந்துபோன நியாண்டர்தால் மனிதரின் எலும்புகளிலும் அதே இரண்டு மாற்றங்கள் இருப்பது கண்டறியப்பட்டது. 2018இல் உலகின் பல பகுதி மக்களின் மரபணுத் தொகுதிகளைக் கொண்டு மறுபடியும் கணக்கிட்டபோது, அண்மைக்கால வேகப் பரவலுக்கான தடயம் மறைந்தே போனது. ஆனாலும் ‘மனிதனைப் பேசவைத்த மரபணு’ என்ற வாசகம் இன்னும் ஓயவில்லை. ஒரு மரபணு பழுதானால் ஒரு திறன் கெடுகிறது என்பதிலிருந்து, அந்தத் திறனை அந்த மரபணுவே தந்தது என்ற முடிவுக்குத் தாவுவதே இங்குள்ள தவறு.

எலும்பைக் காட்டிப் பேச்சை மெய்ப்பிப்பது

நாக்கும் குரல்வளையும் மென்திசுக்கள். அவை மண்ணில் எஞ்சுவதில்லை. ஆகவே எஞ்சும் எலும்புகளிலிருந்து அவற்றை ஊகிக்க வேண்டியிருக்கிறது. 1971இல் ஃபிலிப் லீபர்மனும் எட்மண்ட் கிரெலினும், பிரான்சில் கிடைத்த ஒரு நியாண்டர்தால் மண்டையோட்டைக் கொண்டு அதன் குரல்பாதையை மீட்டுருவாக்கி, குரல்வளை உயரத்தில் இருந்ததால் நியாண்டர்தால்களுக்கு ஆ, ஈ, ஊ போன்ற முக்கிய உயிரொலிகள் வாய்த்திருக்காது என்றனர். 1983இல் இஸ்ரேலின் கெபாரா குகையில், ஏறத்தாழ 60,000 ஆண்டுகள் பழமையான நியாண்டர்தால் எலும்புக்கூட்டில் நாக்கின் அடியிலுள்ள சிறு நாவடி எலும்பு கிடைத்தது; அது நம்முடையதைப் போலவே இருந்தது. உடனே எதிர்த்தரப்பு, நியாண்டர்தால் பேசியது மெய்ப்பிக்கப்பட்டுவிட்டது என்றது.

இரு தரப்பும் எல்லை மீறிவிட்டன என்றே சொல்ல வேண்டும். நாவடி எலும்பின் வடிவத்தை மட்டும் கொண்டு குரல்வளை எந்த உயரத்தில் இருந்தது என்று உறுதியாகச் சொல்ல முடியாது. மேலும், தாழ்ந்த குரல்வளை மனிதருக்கே உரியது என்ற அடிப்படையே 2001இல் ஆட்டம் கண்டது: ஆண் செம்மானுக்கும் குரல்வளை தாழ்ந்திருக்கிறது, கத்தும்போது அது நெஞ்செலும்பு வரை இறங்குகிறது. தன் உடலை உள்ளதைவிடப் பெரிதாக ஒலிக்கச் செய்ய மானுக்கு அது உதவுகிறதே தவிர, பேச உதவுவதில்லை. 2016இல் டெகம்சே ஃபிட்ச் குழுவினர் உயிருள்ள மக்காக் குரங்கின் தொண்டையை ஊடுகதிர்க் காணொளியாகப் பதிவு செய்து, அந்தக் குரல்பாதை எந்த எந்த வடிவங்களை எடுக்கிறது என்று அளந்து, அதைக் கொண்டே புரியக்கூடிய பேச்சை உருவாக்கப் போதுமான உயிரொலிகள் கிடைக்கும் என்று காட்டினர். குரங்கு பேசாததற்குத் தொண்டையைக் குறை சொல்ல இடமில்லை; அந்தத் தொண்டையை ஆட்டிப்படைக்கும் மூளை இணைப்புகளில்தான் வேறுபாடு. மனித மூளையின் வெளிப்படலமான புறணியிலிருந்து குரல்வளைத் தசைகளை இயக்கும் நரம்பணுக்களுக்கு நேரடி இணைப்பு இருக்கிறது; குரங்குகளில் அது இல்லை, அல்லது மிகவும் மெலிந்தது.

இன்னொன்று. மூன்றே வகை உயிரொலிகளைக் கொண்டு நிறைவாக இயங்கும் மொழிகள் இன்றும் உள்ளன; செவ்வியல் அரபு அவற்றுள் ஒன்று. சில ஒலிகள் வாய்க்காத இனத்துக்கு மொழியே வாய்க்காது என்ற ஊகம் எவ்வளவு பலவீனமானது என்பதற்கு வேறு சான்று தேவையில்லை.

விலங்குகள் விஷயத்தில் இரு பக்கமும் வழுக்குவது

கென்யாவின் அம்போசெலியில் வாழும் வெர்வெட் குரங்குகள் சிறுத்தைக்கு ஒரு குரல், கழுகுக்கு ஒரு குரல், பாம்புக்கு ஒரு குரல் என்று எழுப்புகின்றன. 1980இல் செய்ஃபார்த், செனி, மார்லர் ஆகியோர் இந்தக் குரல்களை ஒலிப்பதிவு செய்து, எந்த விலங்கும் அருகில் இல்லாதபோது ஒலிக்கவிட்டனர். சிறுத்தைக் குரலுக்குக் குரங்குகள் மரம் ஏறின. கழுகுக் குரலுக்கு அண்ணாந்து பார்த்தன. பாம்புக் குரலுக்குப் பின்னங்கால்களில் நிமிர்ந்து தரையைத் துழாவிப் பார்த்தன. இது மிக அழகான சோதனை. ஆனால் இதிலிருந்து ‘குரங்குகளுக்கும் சொற்கள் உண்டு’ என்று எழுதுவது அவசரம். அந்தக் குரல்களின் வடிவம் பெரும்பாலும் பிறவியிலேயே அமைந்தது. 2019இல் வெளியான ஓர் ஆய்வில், செனெகலின் பச்சைக் குரங்குகள் அதுவரை கண்டிராத ஒரு ட்ரோனைப் பார்த்து எழுப்பிய குரல், கண்டத்தின் மறுகோடியில் வாழும் வெர்வெட் குரங்குகளின் கழுகுக் குரலை வெகுவாக ஒத்திருந்தது. குரல் ஏற்கெனவே உள்ளே இருந்தது. எதற்கு எழுப்புவது என்பதே அனுபவத்தில் கற்றது. மனிதக் குழந்தை சொல்லின் வடிவத்தையும் அதன் பொருளையும் சேர்த்தே பிறரிடம் கற்கிறது.

மறுபக்கத் தவறு, விலங்குகளுக்கும் நமக்கும் இடையில் எதுவுமே பொதுவில்லை என்பது. கேட்ட ஒலியைக் கற்றுத் திருப்பிச் சொல்லும் திறன் நம் நெருங்கிய உறவான சிம்பன்சியிடம் மிகக் குறைவு. ஆனால் தொலைதூர உறவுகளான கிளிகளிடமும் பாடும் பறவைகளிடமும் திமிங்கிலங்களிடமும் உண்டு. பறவையின் பாடலும் மனித மொழியும் கற்கப்படும் விதத்தில் ஒத்திருப்பதை டார்வின் 1871லேயே எழுதினார். அதே வேளையில் கான்சி என்ற போனபோ (சிம்பன்சிக்கு மிக நெருங்கிய வாலில்லாக் குரங்கு), முன்பு கேட்டிராத ஆங்கில வாக்கியங்கள் பலவற்றைப் புரிந்துகொண்டு செயல்பட்டது. ஆனால் அதனால் பேச முடியவில்லை. 1970களில் சைகை கற்பிக்கப்பட்ட நிம் என்ற சிம்பன்சியின் மிக நீண்ட ‘வாக்கியம்’ 16 குறிகள் கொண்டது. ஆரஞ்சு, கொடு, நான், தின், நீ என்ற ஐந்து குறிகளே அதில் மாறி மாறி வந்தன. அந்தத் திட்டத்தை நடத்திய ஹெர்பர்ட் டெரஸ் 1979இல் தம் பழைய நம்பிக்கையைத் தாமே கைவிட்டு, அது வாக்கிய அமைப்பன்று என்று எழுதினார். அறிவியலில் இத்தகைய நேர்மை அடிக்கடி காணக்கிடைப்பதில்லை.

சிம்பன்சியை நம் மூதாதையாக நினைப்பதையும் இங்கேயே சேர்த்துச் சொல்லிவிடலாம். நமக்கும் அதற்கும் பொதுவான மூதாதை ஏறத்தாழ 60 முதல் 70 லட்சம் ஆண்டுகளுக்கு முன் வாழ்ந்தது. அதன் பின் சிம்பன்சியின் கால்வழியும் அதே அளவு காலம் மாறி வந்திருக்கிறது. இன்றைய சிம்பன்சியிடம் ஒன்று இல்லை என்பதால் அந்தப் பொது மூதாதையிடமும் அது இல்லை என்று முடிவு கட்ட முடியாது.

‘முதல் மொழி’யைத் தேடுவது

எகிப்திய மன்னன் சாமெட்டிக்கஸ், பச்சிளங்குழந்தைகள் இருவரை ஓர் ஆட்டிடையனிடம் ஒப்படைத்து, அவர்கள் காதில் ஒரு சொல்லும் விழாமல் வளர்க்கச் செய்தான் என்று பண்டைய கிரேக்க வரலாற்றாசிரியர் ஹெரோடோட்டஸ் எழுதுகிறார். இரண்டு ஆண்டுகளுக்குப் பின் அவர்கள் சொன்ன முதல் சொல் ‘பெக்கோஸ்’. இன்றைய துருக்கிப் பகுதியில் அன்று பேசப்பட்ட ஃபிரிஜிய மொழியில் அது ரொட்டியைக் குறிப்பதால், எகிப்தியரைவிட ஃபிரிஜியரே பழமையானவர்கள் என்று மன்னன் ஒப்புக்கொண்டானாம். அந்தப் பிள்ளைகள் ஆட்டின் கத்தலையே திருப்பிச் சொல்லியிருக்கலாம் என்று பிற்காலத்தவர் சுட்டிக்காட்டினர். இந்தக் கதையில் ஒரு சிறப்பு உண்டு: மன்னன் தன் இனத்துக்கு எதிரான முடிவை ஏற்றான். அவனுக்குப் பின் வந்தவர்கள் அவ்வளவு பெருந்தன்மை காட்டவில்லை. 16ஆம் நூற்றாண்டில் ஆண்ட்வெர்ப் நகரில் வாழ்ந்த கொரோப்பியஸ் பெக்கானஸ் என்ற அறிஞர், ஏதேன் தோட்டத்தில் பேசப்பட்ட மொழி தம் வட்டாரப் பேச்சே என்று நூல் எழுதினார். முதல் மொழியைத் தேடிப் புறப்படுபவர் தம் வீட்டு வாசலிலேயே அதைக் கண்டுபிடித்துவிடுவது அன்றிலிருந்து தொடரும் வழக்கம்.

பேசப்படும் மொழி ஒவ்வொன்றும் பெற்றோரிடமிருந்து பிள்ளைகளுக்கு என்ற அறுபடாத சங்கிலியின் இப்போதைய கண்ணியே. அந்தப் பொருளில் ஏறத்தாழ எல்லா மொழிகளுக்கும் வயது ஒன்றுதான். வெவ்வேறு மொழி பேசுவோர் கலந்து வாழ்ந்ததில் உருவான கிரியோல் மொழிகளும் நிக்கராகுவாவில் தோன்றியது போன்ற இளம் சைகை மொழிகளுமே விலக்கு. வேறுபடுவது எழுத்துப் பதிவின் வயது. தமிழுக்கு 2,000 ஆண்டுகளுக்கும் மேற்பட்ட எழுத்துச் சான்று இருக்கிறது. நடு இந்தியாவில் பேசப்படும் கோண்டிக்கு அப்படி இல்லை. இரண்டும் ஒரே தொல்திராவிட மூலத்திலிருந்து கிளைத்து, ஒரே அளவு தூரம் நடந்து வந்தவை. பதிவின் தொன்மை பெருமைக்குரியது. அதை மனித மொழியின் தொடக்கத்தோடு முடிச்சுப் போடுவதுதான் தவறு, ஏனெனில் எந்த எழுத்துச் சான்றும் அந்தத் தொடக்கத்தின் கிட்டத்தில்கூடச் செல்வதில்லை.

எல்லா மொழிக்குடும்பங்களிலும் ஒலியால் ஒத்த சொற்களைத் திரட்டி உலகத் தாய்மொழியை மீட்டுவிடலாம் என்போரும் உண்டு. 1786இல் வில்லியம் ஜோன்ஸ் கல்கத்தாவில் சமஸ்கிருதம், கிரேக்கம், லத்தீன் ஆகியவற்றின் உறவைப் பற்றி ஆற்றிய உரை புகழ்பெற்றது. ஆனால் அந்த உறவு மெய்ப்பிக்கப்பட்டது, ஒத்தொலிக்கும் சொற்களால் அன்று, முறையாகத் திரும்ப வரும் ஒலிமாற்றங்களால். அந்த முறைக்கு ஒரு கால எல்லை உண்டு. ஏறத்தாழ 8,000 முதல் 10,000 ஆண்டுகளுக்கு அப்பால் போனால், உறவால் வந்த ஒற்றுமையும் தற்செயலாய் அமைந்த ஒற்றுமையும் பிரித்தறிய முடியாமல் கலந்துவிடுகின்றன. தற்செயல் எவ்வளவு தூரம் போகும் என்பதற்கு ஆஸ்திரேலியப் பழங்குடி மொழியான ம்பபரம் புகழ்பெற்ற சான்று: அதில் நாயைக் குறிக்கும் சொல் ஆங்கிலத்தைப் போலவே ‘டாக்’. இரண்டுக்கும் எந்தத் தொடர்பும் இல்லை. ‘மாமா’, ‘பாப்பா’ வகைச் சொற்களையும் சான்றாகக் காட்டக் கூடாது. குழந்தையின் வாயில் முதலில் எளிதாக வரும் ஒலிகள் அவை. பக்கத்தில் இருக்கும் பெரியவர்கள் அவற்றைத் தங்களுக்குரிய பெயராக எடுத்துக்கொள்கிறார்கள். ஜார்ஜிய மொழியில் ‘மாமா’ என்றால் தந்தை.

எளிமையிலிருந்து சிக்கலுக்கு, அல்லது செம்மையிலிருந்து சிதைவுக்கு

எளிய வாழ்க்கை வாழ்வோர் எளிய மொழி பேசுவர் என்ற நினைப்பு நீண்ட காலம் அறிவியலின் உடையிலேயே உலவியது. காக்கசஸ் மலைப்பகுதியில் ஏறத்தாழ ஆயிரம் பேர் மட்டும் பேசும் ஆர்ச்சி மொழியில், ஒரு வினைச்சொல்லிலிருந்து 15 லட்சத்துக்கும் மேற்பட்ட வடிவங்களை உருவாக்க முடியும் என்று ரஷ்ய மொழியியலாளர் அலெக்சாந்தர் கிப்ரிக் கணக்கிட்டார். இதற்கு நேர்மாறான நினைப்பும் உண்டு: பழைய மொழி செம்மையானது, இன்றைய பேச்சு அதன் சிதைவு. 19ஆம் நூற்றாண்டின் பெரிய ஒப்பியல் அறிஞரான ஆகஸ்ட் ஷ்லைஹரே மொழிகள் முழுமை அடைந்தபின் தேய்கின்றன என்று நம்பினார்.

தேய்வு நடக்கிறது என்பது உண்மையே. ஆனால் இலக்கணம் உருவாவதும் அதே தேய்வினால்தான். தமிழிலேயே பார்க்கலாம். ‘கொள்’ என்பது எடுத்துக்கொள்ளுதல், ஏற்றல் என்ற பொருளுடைய முழு வினை. அதுவே ‘எழுதிக்கொண்டிருக்கிறேன்’ என்பதில் தன் பழைய பொருளை இழந்து, செயல் தொடர்ந்து நடக்கிறது என்பதைக் காட்டும் உறுப்பாகிறது. பேச்சில் அது மேலும் தேய்ந்து ‘எழுதிட்டிருக்கேன்’ என்றாகும்போது, அதற்குள் ‘கொள்’ இருக்கிறது என்பதே பேசுபவருக்குத் தெரிவதில்லை. முழுச்சொல் துணைவினையாகி, துணைவினை விகுதியாகச் சுருங்கும் இந்தப் பாதை உலகின் தொடர்பற்ற மொழிகளிலெல்லாம் காணப்படுகிறது. எதிர்த்திசையில் நடப்பது மிக அரிது. ஆகவே தொடக்ககால மொழியில் பெயர்களும் வினைகளும் போன்ற முழுச்சொற்களே இருந்து, உருபுகளும் விகுதிகளும் அவற்றிலிருந்து பின்னர் உருவாகியிருக்க வேண்டும் என்று வாதிடுவோரின் தரப்பு எனக்கு வலுவானதாகத் தோன்றுகிறது.

இங்கே இன்னொரு வேறுபாட்டைத் தவறவிடக் கூடாது. மனிதர் மொழிக்கேற்ப மாறியது உயிரியல் பரிணாமம். மொழி மனிதரின் வாய் வழியே தலைமுறைகளைக் கடக்கும்போது மாறுவது பண்பாட்டுப் பரிணாமம். முன்னதற்கு ஆயிரக்கணக்கான தலைமுறைகள் தேவை; பின்னது ஆய்வுக்கூடத்தில் ஒரு சில வாரங்களிலேயே நிகழ்ந்துவிடும். 2008இல் எடின்பரோவில் சைமன் கிர்பி குழுவினர், நிறமும் வடிவமும் அசைவும் வேறுபட்ட 27 உருவங்களுக்குப் பொருளற்ற அசைச்சேர்க்கைகளைப் பெயராக இட்டு ஒருவருக்குக் கற்பித்தனர். அவர் நினைவிலிருந்து சொன்னதையே அடுத்தவருக்குப் பாடமாக்கினர். இப்படிப் பத்துப் பேர். முதல் சோதனையில் பெயர்கள் எளிதாகிக்கொண்டே போய், பல உருவங்களுக்கு ஒரே பெயர் என்ற அளவில் சுருங்கின. இரண்டு பொருளுக்கு ஒரே பெயர் வந்தால் அதை நீக்கிவிட்டு அடுத்தவருக்குக் கொடுத்தபோது நடந்ததுதான் வியப்பு: பெயரின் முற்பகுதி நிறத்தையும் நடுப்பகுதி வடிவத்தையும் இறுதி அசைவையும் குறிக்கும் ஒழுங்கு படிப்படியாக உருவாயிற்று. பங்கேற்ற எவரும் அதைத் திட்டமிடவில்லை. தாம் ஒரு மொழியை மாற்றுகிறோம் என்ற நினைப்பே அவர்களுக்கு இல்லை. மொழியின் ஒவ்வொரு ஒழுங்குக்கும் ஒரு மரபணுவைத் தேட வேண்டியதில்லை என்பதற்கு இது போதும்.

தேவையையே காரணமாகச் சொல்வது

‘வேட்டையாடுவதற்குக் கூட்டாகத் திட்டமிட வேண்டியிருந்தது, ஆகவே மொழி தோன்றியது’ என்ற வகை விளக்கங்கள் படிக்கச் சுவையானவை. ஓநாய்கள் கூட்டாகவே வேட்டையாடுகின்றன, சிங்கங்களும் அப்படியே. தேவை இருந்தால் உறுப்பு வந்துவிடும் என்றால் அவையும் பேசியிருக்க வேண்டும். ஒரு விளக்கம் நிற்க வேண்டுமானால், மொழி ஏன் பயன்பட்டது என்பதோடு, அதே தேவை இருந்த பிற உயிர்களிடம் அது ஏன் வளரவில்லை என்பதையும் அது சொல்லியாக வேண்டும்.

பெரும்பாலானோர் கேட்க மறக்கும் கடினமான கேள்வி ஒன்றும் உண்டு. சொல் மலிவானது, பொய் சொல்வதற்குச் செலவே இல்லை. அப்படியிருக்க, கேட்பவர் ஏன் நம்ப வேண்டும்? மேலும், தான் அறிந்த பயனுள்ள செய்தியைப் போட்டியாளருக்கும் இலவசமாகச் சொல்வதால் பேசுபவருக்கு என்ன லாபம்? இயற்கைத் தேர்வு குழுவின் நன்மைக்காக மட்டும் எதையும் தேர்ந்தெடுப்பதில்லை என்பதால், இந்தக் கேள்வியைத் தாண்டிச் செல்ல முடியாது. ராபின் டன்பார் முன்வைத்த, பேன் பார்த்து உறவு வளர்க்கும் குரங்குப் பழக்கத்தின் இடத்தை வம்பளப்பு பிடித்தது என்ற கருத்தும், மைக்கேல் டொமசெல்லோ வலியுறுத்தும் கூட்டுக் கவனமும் (இருவர் ஒரே பொருளில் சேர்ந்து கவனம் வைப்பது) ஒத்துழைப்பும் இந்தக் கேள்வியை நேராகச் சந்திக்க முயல்பவை என்பதாலேயே மதிப்புப் பெறுகின்றன. ஒரே மரபணு மாற்றத்தால் வாக்கிய அமைப்புத் திறன் திடீரென்று வாய்த்தது என்ற மொழியியலாளர் நோம் சோம்ஸ்கியின் கருத்து, அந்தத் திறன் முதலில் சிந்தனைக்கே பயன்பட்டது என்று சொல்லி இந்தக் கேள்வியை ஒதுக்கிவைக்கிறது; துறைக்குள் அதற்கு ஆதரவும் எதிர்ப்பும் சம அளவில் கடுமையானவை. இவற்றில் ஒன்றை மட்டும் எடுத்து ‘அறிவியல் சொல்கிறது’ என்று எழுதுவது வாசகருக்குச் செய்யும் அநீதி.

தேதி குறிப்பது

‘மொழி 50,000 ஆண்டுகளுக்கு முன் தோன்றியது’ என்ற வரி இன்னும் பல இடங்களில் காணப்படுகிறது. ஐரோப்பாவில் ஓவியங்களும் அணிகலன்களும் அந்தக் காலத்துக்குப் பின் பெருகியதைப் பார்த்து எழுந்த கருத்து அது. தென்னாப்பிரிக்காவின் பிளோம்போஸ் குகையில், ஏறத்தாழ 75,000 ஆண்டுகளுக்கு முன் காவிக்கல்லில் கீறப்பட்ட குறுக்குக்கோட்டு வடிவங்களும் துளையிட்ட சிப்பி மணிகளும் கிடைத்த பின், அந்தத் திடீர்ப் புரட்சி ஐரோப்பாவில் அதிகம் தோண்டியதால் தோன்றிய பிம்பம் என்பது தெளிவாயிற்று.

மரபணுக்கள் வேறொரு வழியில் எல்லை காட்டுகின்றன. எந்த மக்கள் கூட்டத்தில் பிறந்த குழந்தையும் எந்த மொழியையும் தாய்மொழியாகக் கற்க முடியும். தென்னாப்பிரிக்கக் கோய்சான் மக்களின் முன்னோர் பிற மனிதக் கூட்டங்களிலிருந்து பிரிந்தது 1 லட்சம் ஆண்டுகளுக்கும் முன்பு. இரு பக்கத்தாரிடமும் ஒரே திறன் இருப்பதால், அது பிரிவுக்கு முன்பே இருந்திருக்க வேண்டும். இந்த வாதத்தை விரித்து 2025இல் வெளியான ஓர் ஆய்வு குறைந்தது 1,35,000 ஆண்டுகள் என்று கணக்கிட்டது. கவனிக்க வேண்டியது ‘குறைந்தது’ என்ற சொல்லையும், கணக்கிடப்படுவது திறன் என்பதையும். முதல் வாக்கியம் எப்போது பேசப்பட்டது என்பது இந்தக் கணக்கில் வருவதே இல்லை. நியாண்டர்தால்களுக்கும் நமக்கும் பொதுவான முன்னோர் 5 லட்சம் ஆண்டுகளுக்கும் முற்பட்டவர்கள். குரல் கட்டுப்பாடும் செவித்திறனும் அவர்களிடமே ஓரளவு இருந்திருந்தால், மொழியின் சில கூறுகளின் வயது இந்த எண்ணைப் போலப் பல மடங்காகும், வேறு சில கூறுகளின் வயது அதைவிடக் குறையும். ஆகவே ஒரு தேதியைப் படிக்கும்போது, அது எந்தக் கூறின் தேதி என்பதும், அது மேல் எல்லையா கீழ் எல்லையா என்பதும் அதனுடன் சேர்த்தே சொல்லப்பட்டிருக்க வேண்டும்.